வெதுப்பிய கோழிக்கு மொறுமொறுப்பான மேல்தூள்: விசுவமடுத் தங்கச்சிக்கு ஒரு விரிவான பதில்

விசுவமடுவில் இருந்து ஒரு தங்கச்சி கேட்டிருந்தா. கனடாவில் இருந்து வந்த மாமி, கோழிக்குப் பூசுகிற "ஷேக் அன் பேக்" என்ற தூள் பெட்டி இரண்டு கொண்டுவந்து கொடுத்தவவாம். அதைப் போட்டு ஓவனில் வெதுப்பின கோழி பிள்ளைகளுக்கு நல்லாகப் பிடித்துவிட்டது. பெட்டி முடிந்த பிறகு கடையில் ரஸ்க் தூள் வாங்கி, வீட்டுக் கறித்தூளும் மிளகாய்த்தூளும் உப்பும் கலந்து தானே செய்து பார்த்திருக்கிறா. மேல்பக்கம் வெளிறிக் கிடந்தது, கீழ்ப்பக்கம் களியாகிவிட்டது, பாதித் தூள் கழன்று தட்டில் ஒட்டிக்கொண்டது, கருகின இடமெல்லாம் கைத்தது. அடுத்த மாதம் மகனுக்குப் பிறந்தநாள். இருபது பேருக்குக் கிட்ட வருவினம். வீட்டில் இருப்பது மேசையில் வைக்கிற சின்னக் கரண்ட் ஓவன். அதற்கு முதல் இதைச் சரியாகப் பழகவேணும் என்கிறா.

தங்கச்சி, நீங்கள் சொன்ன நாலு பிழையில் மூன்று ஒரே இடத்தில் இருந்து வருகிறது. ஈரம். பச்சைக் கோழியிறைச்சியில் முக்கால்வாசிக்குக் கிட்டத் தண்ணீர்தான். சூடு ஏற ஏற இறைச்சி சுருங்கி அந்தத் தண்ணீரை வெளியே தள்ளும். மேலே இருக்கிற தூள் அதைக் குடிக்கும். தண்ணீர் இருக்கும்வரை தூளின் சூடு 100 பாகைக்கு மேல் போகாது. பாணோ கோழியோ பொன்னிறமாகி மணக்க 140 பாகையாவது வேணும். ஆகவே ஈரத் தூள் எவ்வளவு நேரம் ஓவனுக்குள் இருந்தாலும் அவியுமே தவிர முறுகாது. மொறுமொறுப்பு எந்தச் சரக்குப் போடுகிறோம் என்பதில் இல்லை. எங்கேயெங்கே ஈரத்தைத் தடுக்கிறோம், எங்கே வெளியே போக வழி விடுகிறோம் என்பதில்தான் இருக்கிறது. இனி நான் சொல்லப்போகிற ஒவ்வொரு வேலையையும் இதை மனதில் வைத்துக்கொண்டு பாருங்கோ.

முதலில் அந்தப் பெட்டிக்குள் என்ன இருக்கிறது என்று பார்ப்போம். அமெரிக்காவில் ஜெனரல் ஃபூட்ஸ் என்ற கம்பனி 1965இல் சந்தைக்கு விட்ட பொருள் அது. எண்ணெயில் பொரிக்காமல் பொரித்த கோழி மாதிரிச் செய்யவேணும் என்ற ஆசைக்குப் பிறந்தது. கோழித் துண்டைத் தண்ணீரில் நனைத்து, உதறி, தூள் இருக்கிற பைக்குள் போட்டுக் குலுக்கி, 200 பாகை ஓவனில் வைப்பதுதான் முறை. உள்ளே இருப்பது பாண் தூள், உப்பு, கொஞ்சம் சீனி, உள்ளி வெங்காயத் தூள்கள், நிறத்துக்கு ஒரு சிவப்பு மிளகாய் வகை. பாண் தூளும் உப்பும் மிளகாயும் நீங்களும் போட்டிருக்கிறீங்கள். நீங்கள் போடாமல் விட்டதில் முக்கியமானது எண்ணெய். பெட்டித் தூளைக் கையில் எடுத்து விரலால் உரசிப் பாருங்கோ, மெல்லிய பிசுபிசுப்பு இருக்கும். கொழுப்பு அந்தத் தூளுக்குள்ளேயே இருக்கிறது.

அது ஏன் முக்கியம்? ரோல்ஸையும் கட்லட்டையும் யோசியுங்கோ. கடை ரஸ்க் தூளில் பிரட்டித் தாச்சியில் போட்டால் இரண்டு மூன்று நிமிடத்தில் முறுகி வரும். சுற்றிவரக் கொதிக்கிற எண்ணெய் ஒவ்வொரு துணுக்கிலும் இருக்கிற ஈரத்தை உடனே விரட்டிவிடுகிறது. ஓவனுக்குள் இருப்பதோ வெறும் சூட்டுக் காற்று. காற்று எண்ணெயைப் போல் சூட்டைக் கடத்தாது. எண்ணெய் படாத பாண் தூள் ஓவனில் முக்கால் மணித்தியாலம் இருந்தாலும் வெளிறின மண் மாதிரித்தான் இருக்கும். தூளை முதலே எண்ணெயில் பிசறி வைத்தால் ஒவ்வொரு துணுக்கும் தன் எண்ணெயில் தானே பொரியும்.

கடை ரஸ்க் தூளில் இன்னொரு குறை, அது மிக நுண்மை. கோழியின் ஈரத்தோடு சேர்ந்தால் மா குழைத்தது போல் ஆகிவிடும். உங்களுக்குக் களியானது இதனால்தான். ரோல்ஸுக்கு அதுவே சரி, இதற்குக் கரகரப்பான தூள் வேணும், அதை வீட்டில்தான் எடுக்கவேணும்.

ஒரு றாத்தல் பாண் வாங்குங்கோ. அச்சுப் பாணை விட றோஸ்ட் பாண் நல்லது, ஏற்கெனவே காய்ந்த பக்கம் அதில் கூட. எங்கள் பக்கத்தில் பாணுக்கு வெதுப்பி என்றும் பேக்கரிக்கு வெதுப்பகம் என்றும் பெயர் வழங்கின காலம் ஒன்று இருந்தது. பலகைகளில் அந்தப் பெயரை இன்றைக்கும் காணலாம். என் அப்பா அப்படி ஒரு வெதுப்பகத்தில் போறணை பார்த்தவர். விற்காமல் மிஞ்சின பாணை அங்கே ஒருநாளும் எறிந்ததில்லை. இரவு கடைசி ஈடு எடுத்த பிறகு, அடங்கிக்கொண்டிருக்கிற போறணைக்குள் துண்டு துண்டாகப் பரப்பி விட்டுவிடுவார். விடியப் போய் எடுத்தால் எலும்பு மாதிரிக் காய்ந்து, தட்டினால் ஓட்டுச்சத்தம் கேட்கும். தூள் எடுக்கத் தகுந்த பாண் அதுதான். நேற்றைய பாணைக் கிறைண்டரில் அரைத்தால் வருவது தூள் இல்லை, பஞ்சு.

வீட்டில் என்றால் பாணை விரல் மொத்தத்துக்கு வெட்டி, சுளகில் பரப்பி, மெல்லிய துணியால் மூடி வெயிலில் வையுங்கோ. சோளகம் அடிக்கிற மாதங்களில் ஒன்றரை நாள் காணும். மாரியில் வெயிலை நம்பவேண்டாம், ஓவனை 110 பாகையில் வைத்து 40 நிமிடம் விடுங்கோ. 450 கிராம் பாண் நல்லாகக் காய்ந்தால் ஏறக்குறைய 300 கிராமுக்கு இறங்கும். ஒரு துண்டைக் காதுக்குப் பக்கத்தில் வைத்து முறியுங்கோ. "டக்" என்று உடைந்தால் சரி. வளைந்து பிறகு உடைந்தால் நடுவில் இன்னும் ஈரம் இருக்கிறது.

உடைக்கிறதுக்குக் கிறைண்டர் வேண்டாம். ஒரு தடித்த பைக்குள் போட்டு அம்மிக் குழவியால் மெதுவாக உருட்டுங்கோ. அரிதட்டில் தெள்ளினால் கீழே விழுகிற மாத்தூளை வேறாக எடுத்து வையுங்கோ, கட்லட்டுக்கு உதவும். மேலே நிற்கிறதுதான் எங்களுக்கு வேணும். ரவையை விடக் கொஞ்சம் பெரிசு, உளுத்தம்பருப்பில் பாதியை விடச் சிறிசு. சூப்பர் மார்க்கெட்டுகளில் பாங்கோ என்று ஒரு ஜப்பான் தூள் கிடைக்கும். கருகல் ஓடு இல்லாத வெள்ளைப் பாணில் செய்த சீவல் அது. நல்ல சாமான்தான். ஆனால் எங்கள் பாணில் ஓட்டோடு சேர்ந்து வருகிற மணம் அதில் இல்லை. அந்த மணத்துக்காகவே நான் பாணை விடுவதில்லை.

இனி அளவு. தொடையும் காலுமாக 8 துண்டுக்கு, அதாவது 1.2 கிலோவுக்குச் சொல்கிறேன். கரகரத் தூள் 150 கிராம். அதற்குத் தேங்காயெண்ணெய் 3 மேசைக்கரண்டி. எண்ணெயைச் சொட்டுச் சொட்டாக விட்டு விரல் நுனியால் பிசறுங்கோ. புட்டுக்கு மா குழைக்கிற கை உங்களுக்கு இருக்கும்தானே, அதே கைதான். பிடித்தால் ஒரு கணம் உருண்டையாக நிற்கவேணும், பெருவிரலால் தொட்டவுடன் உதிரவேணும். உருண்டையாகவே நின்றால் எண்ணெய் கூடிவிட்டது, கொஞ்சம் தூள் சேருங்கோ. பிடிபடவே இல்லை என்றால் இன்னும் அரைக் கரண்டி விடுங்கோ.

பிசறின தூளை அடி தடித்த தாச்சியில் கொட்டி, மெல்லிய நெருப்பில் 5, 6 நிமிடம் கைவிடாமல் கிளறுங்கோ. சின்ன ஓவன்காரர் எல்லாருக்கும் நான் வற்புறுத்திச் சொல்கிற வேலை இதுதான். வெறும் பாண் நிறத்தில் இருந்து வைக்கோல் நிறத்துக்கு மாறும்போது நிறுத்திவிடவேணும். பொன்னிறம் வரும்வரை விட்டால் ஓவனில் கருகிப்போகும். தாச்சியில் பாதி தூரம் நடந்துவிட்ட தூளுக்கு ஓவனில் மீதிப் பாதிதான் வேலை. கோழி வேகிற நேரமும் தூள் சிவக்கிற நேரமும் அப்போதுதான் ஒத்துவரும். உங்களுக்கு மேல்பக்கம் வெளிறினதற்கு மருந்து இது. தாச்சியை இறக்கி உடனே தட்டில் பரப்புங்கோ. தாச்சியின் சூட்டிலேயே விட்டால் நிறம் ஓடிக்கொண்டே இருக்கும்.

நல்லாக ஆறின பிறகு சரக்குகள். வறுத்த அரிசிமா 2 மேசைக்கரண்டி, உப்பு முக்கால் தேக்கரண்டி, மிளகுதூள் 1 தேக்கரண்டி, உள்ளித்தூள் 1, வெங்காயத்தூள் ஒன்றரை, உறைப்புக் குறைந்த சிவப்பு மிளகாய்த்தூள் 1, பெருஞ்சீரகத்தூள் அரை, மஞ்சள் கால், சீனி அரைத் தேக்கரண்டி. நிழலில் காய்ந்த கறிவேப்பிலையைக் கசக்கின தூள் ஒரு மேசைக்கரண்டி நிறைய. பச்சைக் கறிவேப்பிலையை வெட்டிப் போடவேண்டாம், அதிலும் ஈரம் இருக்கிறது. அரிசிமா எதற்கு என்றால், கோதுமையில் இருக்கிற பசை அதில் இல்லை. முறுகினால் முறுகினபடி நிற்கும், ஆறினாலும் தோல் மாதிரி இழுபடாது. சீனி அரைத் தேக்கரண்டிக்கு மேல் வேண்டாம். நிறம் தருவதும் அதுதான், கருக வைப்பதும் அதுதான். பனங்கட்டி இதற்குச் சரிவராது, காற்றில் இருக்கிற ஈரத்தை இழுத்துத் தூளைக் கட்டியாக்கிவிடும்.

உள்ளித்தூளும் வெங்காயத்தூளும் கிளிநொச்சியிலோ வவுனியாவிலோ வாங்கலாம். வீட்டிலே செய்தால் மணம் வேறு. சின்ன வெங்காயத்தைத் தாள் மாதிரிச் சீவி, காண்டாவன வெயிலில் மூன்று நாள் காயவிட்டு இடித்து ஒரு போத்தலில் அடைத்தால் மாரி முழுக்கக் காணும்.

கறித்தூளைப் பற்றித் தனியாகச் சொல்லவேணும். எங்கள் வீட்டுக் கறித்தூள் ஏற்கெனவே வறுத்து இடித்தது. மல்லி, சீரகம், செத்தல் எல்லாம் கருமை தட்டும் எல்லைவரை போய் வந்தவை. அதைத் திரும்பவும் 200 பாகைக் காற்றில் முக்கால் மணித்தியாலம் வைத்தால் எல்லையைத் தாண்டிவிடும், கைக்கும். உங்கள் நாலாவது பிழை இது. நானும் இதே பிழையை விட்டிருக்கிறேன். ஒருமுறை முற்றத்தில் பந்தல் போட்டு உறவுக்காரருக்குச் சமைத்தபோது, "எங்கள் ருசி வரவேணும்" என்று தூளுக்குள் இரண்டு கரண்டி கறித்தூள் போட்டு, மொறுமொறுப்புக்கு என்று அரிசிமா தெள்ளின கப்பியையும் சேர்த்தேன். கறித்தூள் கைத்தது. கப்பி ஈரம் காணாமல் கல்லாகவே நின்று, ஒரு பெரியவர் கடிக்கும்போது "கறுக்" என்று கேட்டதும் எனக்கு நெஞ்சு திக்கென்றது. அன்றைக்குப் பிறகு கப்பியைத் தொட்டதில்லை. கறித்தூளோ, அதற்கு உரிய இடத்துக்குப் போய்விட்டது. அந்த இடம் இறைச்சி. தூளுக்குள் இருக்கும்போது நெருப்பு அதைத் தின்னும். இறைச்சிக்குள் ஊறினால் ஈரமும் கொழுப்பும் அதைக் காப்பாற்றும். வெளியே பாணும் கறிவேப்பிலையும் மணக்க, கடித்தவுடன் உள்ளே இருந்து எங்கள் கறியின் ருசி வரும். பெட்டித் தூளால் இதைத் தர முடியாது.

அப்படியென்றால் கோழி. புறொயிலர்க் கோழியைத்தான் சொல்கிறேன். ஊர்க்கோழி இந்த வேலைக்கு வராது. ஓடித்திரிந்த கோழியின் தசை இளக நீண்ட நேரம் ஈரச் சூடு வேணும், ஓவனின் 45 நிமிடத்தில் அது ரப்பராகத்தான் வரும். ஊர்க்கோழிதான் இருக்கிறது என்றால் மஞ்சளும் உப்பும் போட்டு முக்கால் பதம் அவித்து, ஆறவிட்டு, நல்லாக ஒற்றி, பிறகு தூள் பூசி 20 நிமிடம் வெதுப்பலாம். அந்த அவித்த தண்ணீரை ரசத்துக்கு எடுங்கோ. ஆனாலும் ஊர்க்கோழிக்குக் குழம்புதான் மரியாதை.

கடையில் கறிக்கு வெட்டுகிற மாதிரி வெட்டவிடவேண்டாம். காலையும் தொடையையும் மூட்டில் பிரித்து முழுசாகத் தரச் சொல்லுங்கோ. நெஞ்சு இறைச்சி சீக்கிரம் வரண்டுபோகும், முதல் தடவைக்கு அதை விட்டுவிடுங்கோ. தோல் உரித்த துண்டுதான் எனக்கு விருப்பம். தோலோடு என்றால் தூளுக்குக் கீழே கொழுப்பு உருகி வழுக்கும், தூள் ஒரு சட்டை மாதிரிக் கழன்று வரும். வன்னியில் பெரும்பாலும் உரித்துத்தான் தருவார்கள், அது இங்கே எங்களுக்கு வசதி.

துண்டுகளைக் கழுவினால் தண்ணீர் தெறிக்காமல் ஒரு சட்டிக்குள் வைத்துக் கழுவுங்கோ. பச்சைக் கோழியில் கிருமி இருக்கும், குழாயைத் திறந்துவிட்டு அலசினால் அது பக்கத்தில் இருக்கிற கோப்பைக்கும் சம்பலுக்கும் போய்ச் சேரும். மஞ்சளும் தேசிக்காயும் வாடையை எடுக்கும், கிருமியை எடுக்காது. அதை எடுப்பது சூடு மட்டும்தான்.

ஊறல் இப்படி. 1.2 கிலோவுக்கு உப்பு 2 தேக்கரண்டி மட்டமாக, வறுத்த கறித்தூள் ஒன்றரை மேசைக்கரண்டி, அம்மியில் அரைத்த உள்ளி இஞ்சி ஒரு மேசைக்கரண்டி, தயிர் 4 மேசைக்கரண்டி. எங்கள் பக்கத்துச் சட்டி எருமைத்தயிர் இருக்கிறதே, அதை விட நல்லது கிடையாது, இறுகி நிற்கும். பசும்பால் தயிர் என்றால் துணியில் கட்டி ஒரு மணித்தியாலம் தொங்கவிட்டு நீரை வடியுங்கோ. தேசிக்காய் பாதி போதும். கூடினால் இறைச்சியின் மேல்பக்கம் வெந்தது போல் வெளுத்து மாவாகிவிடும். குறைந்தது நாலு மணித்தியாலம், முடிந்தால் முதல்நாள் இரவே பிறிட்ஜில் வையுங்கோ. உப்பு உள்ளே போகக் காலம் எடுக்கும். போனபிறகு அது தசைக்குள் தண்ணீரைப் பிடித்து வைக்கும். ஓவனில் வெளியே கொட்டுகிற ஈரம் அப்போது குறையும். ஊற வைப்பது ருசிக்கு மட்டும் என்று நினைக்கவேண்டாம், மொறுமொறுப்பும் இங்கேயே தொடங்குகிறது.

வெதுப்புவதற்கு முதல் துண்டுகளை எடுத்து ஊறலை விரலால் வழித்துவிடுங்கோ. சொட்டக்கூடாது. கண்ணாடியில் ஆவி படிந்தது போல் ஒரு மெல்லிய தயிர்ப் படை மட்டும் நின்றால் போதும், பசை அதுதான். முட்டை தேவையில்லை. அதன்மேல் அரிசிமாவை மிக மெல்லிசாகத் தூவி, கூடினதைத் தட்டிவிடுங்கோ. பிறகு தூள். பைக்குள் குலுக்கினால் கரகரத் தூள் எல்லாம் பைக்கு அடியில் தங்கிவிடும், ஆகவே அகலத் தட்டில் தூளைக் கொட்டி, துண்டை வைத்து, மேலேயும் அள்ளிப் போட்டு, உள்ளங்கையால் அழுத்துங்கோ. தேய்க்கவேண்டாம், அழுத்தினால் போதும். எல்லாவற்றையும் கம்பித் தட்டில் வைத்து 20 நிமிடம் சும்மா விடுங்கோ. இந்த 20 நிமிடத்தில் தயிரின் ஈரத்தை அரிசிமா உறிஞ்சி, தூளைப் பிடித்துக்கொள்ளும். பூசின கையோடு ஓவனுக்குள் தள்ளினால் அந்த ஈரம் ஆவியாகித் தூளைத் தூக்கி எறியும். உங்கள் தட்டில் கழன்று கிடந்த பாதித் தூளின் கதை அதுதான்.

ஓவனுக்கு வருவோம். போறணைக்குள் பாண் நெருப்பில் வேகாது, கல்லில் வேகும் என்பார் அப்பா. விறகு எரிந்து, தணலை இழுத்து எடுத்த பிறகு, செங்கல் பிடித்து வைத்த சூட்டில்தான் பாண் உப்பும். உங்கள் மேசை ஓவனுக்குக் கல் இல்லை, மெல்லிய தகரம்தான். கதவைத் திறந்தால் சூடு ஓடிவிடும். ஆகவே 200 பாகையில் 15 நிமிடம் முன்சூடு கட்டாயம், ஒரு தடித்த தட்டையும் அடியில் வைத்தே சூடாக்குங்கோ. கோழியைக் கம்பித் தட்டில் வைத்து அந்தத் தட்டுக்கு மேல் நடுத் தட்டில் செருகுங்கோ. கோழி தகரத்தில் படுத்துக் கிடந்தால் தன் சாற்றிலேயே அவியும், கீழ்ப்பக்கம் களியாகும். கம்பியில் நின்றால் சாறு கீழே சொட்டும், காற்று சுற்றிவரும். துண்டுக்குத் துண்டு இரண்டு விரல் இடைவெளி வேணும். 8 துண்டுக்கு மேல் அந்த ஓவனில் நெருக்கவேண்டாம்.

இன்னொன்று, கரண்ட். பின்னேரம் ஆறு மணிக்குப் பிறகு எல்லா வீட்டிலும் லைட்டும் ஃபானும் போட, உள்ளூர்ப் பாதைகளில் வோல்டேஜ் இறங்குவது உங்களுக்குத் தெரியும். 230 வோல்ட் 200க்கு இறங்கினால் சூடு 13 வீதம் குறையும் என்றுதான் தோன்றும். ஆனால் ஓவன் கம்பியின் வலு வோல்டேஜின் வர்க்கத்தோடு போகிறது, கிட்டத்தட்டக் கால்வாசி குறைந்துவிடும். ஓவனில் 200 என்று எழுதியிருந்தாலும் உள்ளே அந்தச் சூட்டுக்குத் திரும்ப அதிக நேரம் எடுக்கும். ஆகவே இதைப் பகலில் செய்யுங்கோ. லைட் மங்கினால் 10 நிமிடம் கூட விடுங்கோ.

25 நிமிடத்தில் ஒருமுறை மட்டும் புரட்டுங்கோ. அதற்கு முதல் தூள் இறுகியிருக்காது, இடுக்கி பட்டால் உரியும். மொத்தம் 40 முதல் 45 நிமிடம். எலும்பை ஒட்டின இடத்தில் 74 பாகை வந்தால் பாதுகாப்பு. தொடை, கால் என்றால் 80 தாண்டவிடுங்கோ, அங்கே இருக்கிற சவ்வு இளகினால்தான் கடிக்க இதமாக இருக்கும். சமையல் வெப்பமானி ஒன்று வாங்கி வையுங்கோ. இளம் புறொயிலரில் எலும்போரம் வெந்த பிறகும் சிவப்பாக நிற்கலாம், நிறத்தை வைத்து மட்டும் முடிவு எடுக்கமுடியாது. வெளியே எடுத்தவுடன் துண்டைத் தட்டில் அடுக்கவேண்டாம், தாளால் மூடவேண்டாம், கம்பியிலேயே 7 நிமிடம் நிற்கட்டும். பாண் ஓடு வெடிக்கிற மாதிரி மெல்லிய "படபட" சத்தம் ஒன்று கேட்கும், கிட்டப்போய்க் கேளுங்கோ. மூடி வைத்தால் அந்தச் சத்தம் வராது, ஆவி திரும்பித் தூளுக்குள் இறங்கிவிடும். குழம்பையும் மேலே ஊற்றவேண்டாம், ஒரு கோப்பையில் பக்கத்தில் வையுங்கோ.

ஏர் ஃபிரையர் உள்ளவர்களுக்கு ஒரு வரி: 180 பாகை, 25 நிமிடத்துக்குக் கிட்ட, தூளை இன்னும் இறுக்கி அழுத்தவேணும், உள்ளே இருக்கிற காற்றாடி தளர்ந்த தூளைப் பறக்கவிடும்.

தூளைச் சேமிக்கிறது என்றால் எண்ணெய் போடாமல், காய்ந்த தூளையும் சரக்குகளையும் வேறுவேறு காற்றுப் புகாத போத்தல்களில் வையுங்கோ. எண்ணெயை அன்றன்று பிசறுங்கோ. மாரியில் போத்தலைத் திறந்தவுடன் தூள் நமத்துப்போயிருந்தால் தாச்சியில் ஒரு சுற்று வறுத்தால் போதும். கோழி பட்ட தூளில் மிச்சம் இருந்தால் மனம் வராவிட்டாலும் எறிந்துவிடுங்கோ, திரும்பப் போத்தலுக்குள் போடவேகூடாது.

இனி உங்கள் மகனின் பிறந்தநாள். இருபது பேருக்கு 24 துண்டு என்று வையுங்கோ, அது 3.6 கிலோ, உங்கள் ஓவனுக்கு மூன்று ஈடு. கரகரத் தூள் 450 கிராம் வேணும். தெள்ளி எடுத்த மாத்தூள் கழிவதால் மூன்று றாத்தல் பாணை ஐந்து நாளுக்கு முதலே வாங்கிக் காயப்போடுங்கோ. முதல்நாள் இரவு மொத்தக் கோழியையும் ஊறவையுங்கோ. அன்று காலை தூளைத் தாச்சியில் வறுத்து ஆறவிட்டுச் சரக்குக் கலந்துவிடுங்கோ. 24 துண்டையும் ஒன்றாகப் பூசவேண்டாம், இரண்டாவது மூன்றாவது ஈட்டுக்குக் காத்திருக்கிற துண்டுகளில் தூள் ஊறிப்போகும், பச்சை இறைச்சியை வெளியே வைக்கவும் கூடாது. மூன்று மணிக்கு ஓவனை மூட்டி, மூன்றேகாலுக்கு முதலாவது ஈட்டை உள்ளே வையுங்கோ. அதைப் புரட்டுகிற நேரம் இரண்டாவது ஈட்டைப் பிறிட்ஜில் இருந்து எடுத்துப் பூசத் தொடங்குங்கோ. நாலு மணிக்கு முதலாவது ஈடு வரும், அது பிள்ளைகளுக்கு. அவர்கள் விளையாடிக்கொண்டே கையில் பிடித்துச் சாப்பிடட்டும், பெரியவர்கள் வரக் காத்திருக்கவேண்டாம். நாலு பத்துக்கு இரண்டாவது, ஐந்துக்கு மூன்றாவது உள்ளே போகும். ஆறுக்கு முதல், லைட் மங்குவதற்கு முதல், வேலை முடிந்துவிடும். யாராவது பிந்தி வந்தால் அவர்களுடைய துண்டை 200 பாகையில் 7 நிமிடம் திரும்ப வைத்துக் கொடுங்கோ. மைக்ரோவேவில் மட்டும் வைக்கவேண்டாம்.

பிறந்தநாளுக்கு ஒரு கிழமைக்கு முதல் நாலே நாலு துண்டில் ஒருமுறை செய்து பாருங்கோ. உங்கள் ஓவனின் எந்த மூலை சூடு கூட, எந்த மூலை குறைய என்பது அன்றைக்குத் தெரிந்துவிடும். சூடு கூடின மூலைக்கு மொத்தமான தொடைத் துண்டை வையுங்கோ.